இரண்டு வல்லரசும் ஒரு கௌரவ விரிவுரையாளரும்

மார்ச் 6

பதினோரு வருடம் கழித்து விளம்பரம் வந்துவிட்டது. சர்வதேச உறவுகள் துறை, உதவிப் பேராசிரியர், நிரந்தரப் பணி, இடம் ஒன்று. பல்கலைக்கழக அறிவிப்புப் பலகையில் ஒட்டியிருந்ததை நின்று மறுபடி மறுபடி படித்தேன். ஒட்டியவன் பசையைக்கூட ஒழுங்காகத் தடவவில்லை. ஒரு மூலை காற்றில் ஆடிக்கொண்டிருந்தது. இவ்வளவு காலம் காத்திருந்தவனுக்கு இவர்கள் காட்டும் மரியாதை அவ்வளவுதான்.

எனக்குப் பதவிப் பெயர் கௌரவ விரிவுரையாளர். சம்பளத்தில் குறைத்ததையெல்லாம் கௌரவத்தில் போட்டு நிரப்பியிருக்கிறார்கள். மே மாதம் சம்பளம் கிடையாது. மே மாதத்தில் எங்களுக்கு வயிறு இருக்காது என்று கண்டுபிடித்த அறிஞர் யாரென்று தெரிந்தால் நேரில் போய் நாலு வார்த்தை கேட்பேன்.

துறையில் என்னையும் சேர்த்து இப்படி ஐந்து பேர். எங்களுக்கு மேலே இரண்டு வல்லரசுகள். ஒன்று, துறைத்தலைவர் தளவாய். ஒன்பது மாதம் வாஷிங்டனில் இருந்துவிட்டு வந்து, இருபது வருடமாக அந்த ஒன்பது மாதத்தையே வகுப்பெடுக்கிறவர். இன்னொன்று, பேராசிரியர் மீனலோசனி. எண்பதுகளில் மாஸ்கோவில் டாக்டர் பட்டம் வாங்கியவர். அந்த நாடே கலைந்துவிட்டது, மேடம் கலையவில்லை. இருவரும் நேருக்கு நேர் பேசிப் பல வருடமாகிறது. கோப்பில் எழுதி அனுப்பிக்கொள்கிறார்கள். துறைக்கு வரும் தேநீர்கூட இரண்டு பிளாஸ்கில் வருகிறது. தளவாய் ஆள் என்றால் சிவப்பு பிளாஸ்க், மேடம் ஆள் என்றால் பச்சை. நான் மட்டும் இரண்டிலும் அரை அரை டம்ளர் குடிக்கிறேன்.

அதைச் சும்மா குடிக்கவில்லை. என் ஆய்வேடே அதுதான். இரண்டு வல்லரசுகளுக்கு நடுவில் மாட்டிய சிறு நாடு யார் பக்கமும் சாயக்கூடாது. இவன் அந்தப் பக்கம் போய்விடுவானோ என்ற பயத்தை இரண்டு பேர் மனதிலும் வைத்திருக்க வேண்டும். அப்போதுதான் இரண்டு பேரும் அவனைத் தாங்குவார்கள். நான்காம் அத்தியாயத்தில் எழுபது பக்கம் எழுதி நிரூபித்திருக்கிறேன். தேர்வுக் குழுவில் தளவாயும் இருப்பார், மேடமும் இருப்பார். இருவருக்கும் பொதுவாகப் பிடித்த ஒரே ஆள் நான்தான். இந்த இடம் எனக்குத்தான்.

வள்ளிமயிலிடம் சொன்னேன். சுகாதார நிலையத்திலிருந்து அப்போதுதான் வந்து, நர்ஸ் சேலையை மாற்றாமல் தோசை ஊற்றிக்கொண்டிருந்தாள்.

"இந்தத் தடவயாச்சும் யாராச்சும் ஒருத்தர் பக்கம் போய் நில்லுங்களேன்" என்றாள். "ரெண்டு எடத்துலயும் டீ குடிக்கிற ஆள ரெண்டு பேருமே நம்பமாட்டாங்க."

உலக ஒழுங்கைப் பற்றி ஒரு பக்கம் படிக்காதவளிடம் என்ன விவாதம் செய்வது? தோசை நன்றாக இருந்தது என்று மட்டும் சொன்னேன்.

மார்ச் 9

மோட்டார் காயில் எரிந்துவிட்டது. இரண்டு நாளாகக் குடத்தில் தண்ணீர் தூக்குகிறேன். கோவில்பட்டி வெயிலுக்கு இது ஒன்றுதான் குறைச்சல்.

மார்ச் 14

ஜெர்லின் வந்து பேசினாள். மணப்பாட்டுக்காரப் பெண். என்னிடம் எம்.ஏ. படித்தவள், மூன்று வருடமாக எங்களோடு கௌரவ விரிவுரையாளர். கூடவே ஐந்து பேரில் இன்னொருவனான முருகேஷ்பாண்டியும் வந்து, கதவைச் சாத்திவிட்டு உட்கார்ந்தான். ஆள் நல்லவன்தான், ஆனால் யார் எதைச் சொன்னாலும் தலையாட்டுகிறவன்.

விஷயம் இது. நிரந்தர இடம் நிரப்பியதும் எங்கள் ஐந்து பேரையும் கழற்றிவிட்டு, ஆள் பிடித்துத் தரும் ஏஜென்சி மூலம் தினக்கூலிக்கு வாத்தியார் வைக்கப்போகிறார் தளவாய். அலுவலகத்தில் பேச்சு அடிபடுகிறதாம். அதற்குள் ஐந்து பேரும் சேர்ந்து மதுரை உயர் நீதிமன்றத்துக்குப் போய்த் தடை வாங்க வேண்டுமாம்.

"அஞ்சு பேரும் சேந்தாத்தான் சார் கேஸ் நிக்கும். நீங்கதான் சீனியர். உங்க பேர் முதல்ல இருந்தா வெயிட்டு" என்றாள்.

எனக்கு வந்த கோபத்தை அடக்கிக்கொண்டேன். நேர்முகத் தேர்வுக்கு மூன்று வாரம் இருக்கும்போது துறைத்தலைவர் மேல் நான் வழக்குப் போட வேண்டுமாம். இவளுக்கென்ன, மூன்று வருட சர்வீஸ். இழக்கவும் ஒன்றுமில்லை.

"சின்ன நாடெல்லாம் கூட்டுச் சேந்தா ரெண்டு வல்லரசும் ஒண்ணாயிடும்மா. அதுதான் வரலாறு" என்றேன்.

"அவங்க ஒண்ணாகுறதுக்கு நம்ம கூட்டுத்தான் வேணும்னு இல்ல சார்" என்றாள் ஜெர்லின்.

நான் நடுநிலை என்று சொல்லிவிட்டேன். கையெழுத்தும் இல்லை, எதிர்ப்பும் இல்லை. எழுந்து போகும்போது, ஒரு பேச்சுக்கு, எப்போது வழக்குப் போடுகிறீர்கள் என்று கேட்டேன். அவள் முருகேஷ்பாண்டியைப் பார்த்தாள். அவன் தரையைப் பார்த்தான். "ஏப்ரல் இருபத்து நாலு சார். பரிட்சை வேல முடிஞ்சிரும்லா" என்றாள். சீனியர் என்ற மரியாதை இன்னும் இருக்கிறது. இல்லாவிட்டால் தேதி வரைக்கும் சொல்வாளா?

மார்ச் 24

இன்று பட்ட ஆத்திரம் இன்னும் அடங்கவில்லை.

எம்.ஏ. இரண்டாம் ஆண்டுக்கு வருடா வருடம் நடக்கும் நெருக்கடிப் பயிற்சி. இரண்டு நாள். மாணவர்கள் நாடுகளாக உட்கார்ந்து பேரம் பேசுவார்கள். கற்பனைத் தீவு ஒன்று, அதில் ஆழமான துறைமுகம். அதற்கு ஆசைப்படும் வடக்கு வல்லரசு ஒன்று, கிழக்கு வல்லரசு ஒன்று. வடக்குக்குத் தளவாய் ஆலோசகர், கிழக்குக்கு மேடம், தீவுக்கு ஜெர்லின். நடுவர் நான். காட்சியை எழுதியதும் நான்தான். என் நான்காம் அத்தியாயம் அப்படியே நடக்க வேண்டும். தீவு இரண்டு பக்கமும் பேசி, இரண்டு பக்கமும் உதவி வாங்கி, கடைசியில் சுதந்திரமாக நிற்க வேண்டும்.

நேற்றெல்லாம் நன்றாகத்தான் போனது. தீவுக்காரப் பையன்கள் இரண்டு பக்கமும் சிரித்துச் சிரித்துப் பேசி, பள்ளிக்கூடம், மின்நிலையம் என்று வாங்கிக் குவித்தார்கள். இன்று மதியம் வடக்கின் தலைவனும் கிழக்கின் தலைவனும் கேன்டீனில் ஒரே மேஜையில் உட்கார்ந்து பரோட்டா தின்றிருக்கிறார்கள். திரும்பி வந்து கூட்டறிக்கை என்று ஒரு தாளை நீட்டுகிறார்கள். துறைமுகத்தின் வடகரை இவனுக்கு, தென்கரை அவனுக்கு. தீவைக் கேட்கவே இல்லை.

"தீவக் கேட்டீங்களாடா?" என்று கத்தினேன். ஜன்னல் பக்கம் உட்கார்ந்திருந்த புறா பறந்தது.

"தீவ எதுக்கு சார் கேக்கணும்?" என்றான் வடக்கின் தலைவன். "தீவுக்காரங்க எங்க பக்கமும் வரமாட்டாங்க, கிழக்குப் பக்கமும் போகமாட்டாங்க. மொதல்ல பயமாத்தான் இருந்துச்சு. அப்புறம் ரெண்டு பேருக்கும் எரிச்சலாயிருச்சு. உன்கிட்டயும் இதத்தான் சொன்னானா, எங்கிட்டயும் இதத்தான் சொன்னான்னு பேச ஆரம்பிச்சோம். பேசப் பேச ஃப்ரெண்ட்ஸ் ஆயிட்டோம்."

வகுப்பே சிரித்தது. எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. இரண்டு அணிக்கும் இருபத்தைந்துக்கு ஒன்பது போட்டேன். விதிமுறையில் இல்லாததைச் செய்தால் அதுதான் கிடைக்கும்.

பிறகு ஜெர்லின் வந்து, "பசங்க செஞ்சதுல என்ன சார் தப்பு? அப்படி நடக்காதா?" என்று கேட்டாள். நடக்கலாம், ஆனால் அது விதிவிலக்கு என்றேன். விதிவிலக்குக்கு என் ஆய்வேட்டில் ஓர் அடிக்குறிப்பு இருக்கிறது என்றும் சொன்னேன். அவள் "சரி சார்" என்றாள். அவள் "சரி சார்" சொல்லும் விதம் எனக்குப் பிடிக்கவில்லை.

மார்ச் 29

தளவாய் அறைக்குப் போயிருந்தேன். அவருடைய கருத்தரங்க மலரில் மெய்ப்புத் திருத்தம் பாக்கி. மூன்றாவது வருடமாக நான்தான் திருத்துகிறேன். நன்றியுரையில் என் பெயர் இதுவரை வந்ததில்லை. 'மற்றும் பலர்' என்பதில் நான் இருக்கிறேன் என்று வைத்துக்கொள்ள வேண்டியதுதான்.

பேச்சுவாக்கில் வழக்கு விஷயம் வந்தது. நான்கு பேர் நீதிமன்றம் போகிறார்கள், ஏப்ரல் இருபத்து நாலு, என்னைக் கூப்பிட்டார்கள், நான் மறுத்துவிட்டேன், அவ்வளவுதான் சொன்னேன். ஒரே துறையில் வேலை செய்கிறோம், தலைவருக்குத் தெரியாமல் ஒன்று நடப்பது முறையல்ல. மரியாதைக்காகச் சொன்னது. இதில் கோள் சொல்வது என்பதெல்லாம் கிடையாது.

தளவாய் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "இருபத்து நாலுதானா? நல்லாக் கேட்டீங்களா?" என்றார். பிறகு சிவப்பு பிளாஸ்கைத் தானே திறந்து முழு டம்ளர் ஊற்றிக் கொடுத்தார். பதினோரு வருடத்தில் முதல் முழு டம்ளர். "இசக்கி, உங்களமாரி ஆள்தான் துறைக்கு வேணும்" என்றார்.

மார்ச் 30

ஒருவரிடம் சொல்லிவிட்டு இன்னொருவரிடம் சொல்லாமல் இருந்தால் அது நடுநிலை ஆகாது. மேடத்திடமும் சொன்னேன். அதே விஷயம், அதே தேதி, ஒரு வார்த்தை கூடவோ குறையவோ இல்லை. மேடமும் தலையாட்டினார்கள். "நீ சின்சியரான பையன்ப்பா" என்றார்கள். எனக்கு வயது நாற்பத்திரண்டு.

வீட்டுக்கு வரும் வழியில், சரிபார்க்கக் கொடுத்திருந்த மோட்டாரை வாங்கி வந்தேன். ஓடுகிறது, ஆனால் சத்தம் வருகிறது.

ஏப்ரல் 4

நாளை நேர்முகத் தேர்வு. வள்ளிமயில் வெள்ளைச் சட்டைக்குக் கஞ்சி போட்டு, தேய்த்து, கொடியில் மாட்டி வைத்திருக்கிறாள். "கெடச்சிரும்ல?" என்று இரண்டு தடவை கேட்டாள். கிடைத்தால், கடன் வாங்காமல் கழியும் முதல் மே இதுதான். அவள் அதைச் சொல்லவில்லை. அவள் சொல்லாததும் எனக்குக் கேட்கிறது. கேட்கும்போது அவள் மேலும் கோபம் வருகிறது, ஏன் என்று தெரியவில்லை.

ஏப்ரல் 5

குழுவில் ஐந்து பேர். நடுவில் துணைவேந்தரின் பிரதிநிதி, ஒரு பக்கம் தளவாய், மறுபக்கம் மேடம், வெளியூர் ஆட்கள் இருவர். எனக்கு முன்னால் போனவன் டெல்லியில் படித்த பையன், கோட்டு போட்டிருந்தான். இந்த வெயிலில் கோட்டு.

வெளியூர்க்காரர் ஒருவர் கேட்டார்: "வல்லரசுகள் ஒருவரோடொருவர் சமாதானம் ஆகிவிட்டால், நடுவில் நிற்கும் சிறு நாட்டின் மதிப்பு என்ன?" அது அரிதாக நடப்பது என்றேன். "நடந்தால்?" என்றார். அடிக்குறிப்பைச் சொன்னேன். அவர் எழுதிக்கொண்டார். தளவாய் ஒன்றும் கேட்கவில்லை. மேடமும் ஒன்றும் கேட்கவில்லை. இருவருக்கும் என்னைத் தெரியும், கேட்க என்ன இருக்கிறது என்று நினைத்துக்கொண்டு வெளியே வந்தேன்.

ஜெர்லினும் முருகேஷ்பாண்டியும் மற்ற இரண்டு பேரும் நேர்முகத் தேர்வுக்கு வரவே இல்லை. நாளைக்கும் நான்கு பேரும் விடுப்பாம். போட்டி குறைந்தது என்று சந்தோஷப்பட்டேன்.

ஏப்ரல் 10

பதிவாளர் மகள் கல்யாணம். மண்டப வாசலில் நின்று பேசிக்கொண்டிருந்தேன். தளவாய் கார் வந்தது. முன் கதவு திறந்து தளவாய் இறங்கினார். பின் கதவு திறந்து மீனலோசனி மேடம் இறங்கினார்.

ஒரே காரில்.

பந்தியில் பக்கத்துப் பக்கத்து இலை. மேடத்துக்கு ஊறுகாய் வேண்டும் என்று பரிமாறுகிறவனைத் தளவாய் கூப்பிட்டார். நான் பாயசத்தை அப்படியே வைத்துவிட்டு எழுந்தேன்.

ஏப்ரல் 13

பேனாவை அழுத்தியதில் தாள் கிழிந்துவிட்டது. கோபத்தில்தான்.

இடம் டெல்லிப் பையனுக்கு. தளவாயின் வாஷிங்டன் நண்பருடைய மாணவனாம். பதிலுக்கு, துறையில் புதிதாகத் தொடங்கும் இந்துமாக்கடல் ஆய்வு மையத்துக்கு மேடம் இயக்குநர். தளவாயே முன்மொழிந்தாராம். வடகரை இவருக்கு, தென்கரை அவருக்கு. நான் மெய்ப்புத் திருத்திய மலர், நான் தட்டச்சு செய்து கொடுத்த மேடத்தின் புத்தகம், நான் தூக்கிய நாற்காலி, நான் போய் அழைத்து வந்த விருந்தினர், எல்லாம் எங்கே போயிற்று? கறிவேப்பிலை மாதிரி எடுத்து இலை ஓரத்தில் வைத்துவிட்டார்கள். இவர்கள் முகத்தில் விழிக்க எனக்குத்தான் கூசுகிறது, இவர்களுக்குக் கூசவில்லை. சீ.

அதோடு முடியவில்லை. மத்தியானம் தளவாய் கூப்பிட்டனுப்பினார். மேடமும் அதே அறையில், அதே சோபாவில். மேஜை மேல் ஒரே ஒரு பிளாஸ்க்.

"இசக்கி, நீங்க என்ன தேதி சொன்னீங்க?"

"இருபத்து நாலு சார்."

"எங்கிட்டயும் அதத்தான் சொன்னான்" என்றார் மேடம்.

"அவங்க ஆறாம் தேதியே கேஸ் போட்டு, நேத்து ஆர்டரும் வாங்கிட்டாங்க. மனு போட்ட நாலு பேர வேலய விட்டு எடுக்கக் கூடாதாம். நான் பதினேழாம் தேதி அனுப்புறதுக்கு எல்லாம் ரெடி பண்ணி வச்சிருந்தேன். உங்கள நம்பி மோசம் போனேன்" என்றார் தளவாய்.

நான் என்ன செய்ய? கேட்டதைச் சொன்னேன். அவசரக்காரர்கள் தேதியை முன்னால் தள்ளியிருக்கிறார்கள். அதற்கு நானா பொறுப்பு? இவர் என்னை அனுப்புவதையும் சேர்த்துத்தான் பதினேழாம் தேதிக்கு ரெடி பண்ணி வைத்திருந்தார் என்பது அறையை விட்டு வெளியே வந்து படிக்கட்டில் இறங்கும்போதுதான் உறைத்தது. முழு டம்ளர் ஊற்றிக் கொடுத்த மனிதர்.

ஏப்ரல் 17

விடுவிப்பு ஆணை வந்தது. ஒரே ஒரு ஆளுக்கு. நீதிமன்றத் தடை மனுதாரர்களுக்கு மட்டும்தான் பொருந்துமாம். நான் மனுதாரர் இல்லை.

ஏப்ரல் 18

வள்ளிமயில் ஆணையைப் படித்தாள். இரண்டாவது தடவையும் படித்தாள். தளவாய் அறையில் நடந்ததைச் சொன்னேன். மடித்து பீரோவில் வைத்தாள்.

"அந்தப் புள்ளைங்க கோர்ட்டுக்குப் போற விஷயத்த தளவாய்ட்ட சொன்னது நீங்கதானா?"

ஒரு துறை என்றால் தகவல் பரிமாற்றம் இருக்கும், அது ஒரு தரப்புக்குச் சாதகமாக என்று எடுத்துக்கொள்ள முடியாது, இரண்டு தரப்புக்கும் சமமாகத்தான் நான் நடந்துகொண்டேன் என்று விளக்கினேன்.

"நாலு பேர் வயித்துல அடிக்கிற விஷயத்த ரெண்டு பேர்ட்டயும் சமமாச் சொன்னீங்களாக்கும்" என்றாள். பிறகு இரவுப் பணிக்குக் கிளம்பிப் போய்விட்டாள். சாப்பாடு மூடி வைத்திருந்தது. சாப்பிட்டேன். சாப்பிடாமல் இருந்து யாருக்கு என்ன காட்டப் போகிறேன்?

ஏப்ரல் 21

எல்லாருக்கும் கேட்கிறமாதிரி இரண்டில் ஒன்று பார்த்துவிடுவது என்று பல்கலைக்கழகத்துக்குப் போனேன். வாயிற்காவலன் என்னைப் பார்வையாளர் பதிவேட்டில் எழுதச் சொன்னான். எழுதினேன். சந்திக்க வந்த நோக்கம் என்ற இடத்தில் என்ன எழுதுவது என்று தெரியாமல் 'சொந்த விஷயம்' என்று போட்டேன்.

உள்ளே போகுமுன் திரும்பிப் பார்த்தால், எதிரே பஸ் நிறுத்தத்தில் ஜெர்லின் நின்றிருந்தாள். என்னைப் பார்த்ததும் ஓடி ஒளியவில்லை. அதுவே எனக்கு எரிச்சலாக இருந்தது.

"எனக்கு நீ சொன்ன தேதி என்ன?" என்றேன்.

"இருபத்து நாலு சார்."

"அப்புறம் ஏன் முன்னாலயே போட்டீங்க? மாத்துனா எனக்கு ஒரு வார்த்த சொல்லக்கூடாது?"

"மாத்தல சார். எப்பவுமே ஆறாம் தேதிதான்."

எனக்கு உடனே புரியவில்லை. பஸ் ஒன்று வந்து நின்று, ஆள் ஏற்றிக்கொண்டு போனது. அவள் அதில் ஏறாமல் நின்று பேசினாள்.

"நாலு பேர் மதுரைக்கும் இங்கயும் அலஞ்சா எப்படியும் தளவாய் சார் காதுக்குப் போயிரும். ஆறுன்னு தெரிஞ்சா அஞ்சாந்தேதியே எங்கள வெளிய அனுப்பிருப்பாரு. வெளிய அனுப்புனதுக்கு அப்புறம் தடை கேட்டு என்ன புண்ணியம்னு வக்கீல் சொல்லிட்டாரு. அதுனால அவர் காதுல முன்னாடியே வேற ஒரு தேதி விழணும். நாங்க சொன்னா நம்பமாட்டாரு. நீங்க சொன்னா நம்புவாரு. உங்கள நம்பித்தான் சார் அந்தத் தேதியச் சொன்னோம்."

கத்தினேன். என்னை வைத்து விளையாடியிருக்கிறீர்கள், பாடம் சொல்லிக் கொடுத்தவனை ஏமாற்றியிருக்கிறீர்கள், இது அயோக்கியத்தனம் என்று வாய்க்கு வந்ததெல்லாம் சொன்னேன். பழக்கடைக்காரர் எழுந்து நின்று பார்த்தார்.

"நான் சொல்லாம இருந்திருந்தா?" என்றேன் கடைசியில்.

"சொல்லாம இருந்தா, போடுறதுக்கு முந்தின நாள் உங்க வீட்டுக்கு வந்து கையெழுத்து வாங்கலாம்னு இருந்தோம். உங்க பேருக்கு எடம் விட்டுத்தான் சார் மனு டைப் பண்ணிருந்தது. முதல் பேர் உங்களுது." அவள் குரல் அங்கே கொஞ்சம் இறங்கியது. "மீனலோசனி மேடம் என்னயக் கூப்பிட்டு, இருபத்து நாலாந்தேதி கோர்ட்டுக்குப் போறியாமேன்னு கேட்டாங்க. ஒருத்தர்ட்ட சொல்லிருந்தா வாய் தவறிச் சொல்லிட்டீங்கன்னு நெனச்சிருப்பேன். ரெண்டு பேர்ட்டயும் சொல்லிருக்கீங்க. அன்னைக்குச் சாயங்காலம் முருகேஷ்பாண்டி அண்ணன் உங்க பேர எடுக்கச் சொன்னாரு. நான்தான் எடுத்தேன்."

எழுபது பக்கம் எழுதியவன், பஸ் நிறுத்தத்தில் நின்று பெட்ரோல் டேங்கர் போவதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். ஐந்தாம் தேதி சாயங்காலம் நான் வீட்டில்தான் இருந்தேன். சட்டையைக் கழற்றிவிட்டு மோட்டாருக்கு எண்ணெய் போட்டுக்கொண்டிருந்தேன். யாரும் வரவில்லை.

பிறகு அதையும் கேட்டேன். கேட்கும்போது என் குரல் எனக்கே அருவருப்பாக இருந்தது. இப்போது என்னைச் சேர்த்துக்கொள்ள முடியுமா என்று கேட்டேன்.

அடுத்த பஸ் வருவது தெரிந்தது. அவள் பையைத் தோளில் மாட்டிக்கொண்டாள்.

"திங்கக்கிழம பத்து மணிக்கு மதுரைல வக்கீல் வீட்டுக்கு வாங்க சார். உங்களயும் சேக்கச் சொல்லித் தனியா ஒரு மனு போடலாம். மத்த மூணு பேர்ட்ட நான் பேசுதேன்" என்றாள். விலாசத்தைச் சொன்னாள். ஏறிப் போய்விட்டாள்.

அதே நாள், மறுபடியும்

வள்ளிமயிலிடம் எல்லாவற்றையும் சொன்னேன். இந்தத் தடவை எதையும் விளக்கவில்லை. அவள் கேட்டுவிட்டு, "திங்கக்கிழம நான் லீவு போடுதேன். ரெண்டு பேரும் போவோம்" என்றாள்.

ஆனால் திங்கட்கிழமை என்றாளே, அது நிஜமான திங்கட்கிழமையா? பத்து மணி என்றது நிஜமான பத்து மணியா? அந்தப் பெண் என் முகத்தைப் பார்த்துத்தான் சொன்னாள். அன்றைக்கும் சீனியர் என்ற மரியாதையோடுதான் சொன்னாள். நான் போவதற்குள் மனு போட்டு முடித்திருக்கலாம், அல்லது மனுவே போடாமல் இருக்கலாம், அல்லது அவள் சொன்னது முழுக்க முழுக்க உண்மையாக இருக்கலாம். யாரிடம் கேட்டு உறுதி செய்வது? எனக்கு உண்மை சொல்ல யாருக்கும் ஒரு காரணமும் நான் வைக்கவில்லை. பதினோரு வருடமாக, வல்லரசுகள் ஒன்றையொன்று ஏன் நம்புவதில்லை என்று கரும்பலகையில் எழுதி எழுதி அழித்தவன் நான். நம்ப முடியாத இடத்தில் உட்கார்ந்திருப்பவன் ஒரு திங்கட்கிழமையைக் காலண்டரில் திரும்பத் திரும்பப் பார்ப்பான் என்று எந்த வகுப்பிலும் சொன்னதில்லை.

திங்கள் வரைக்கும் என்னால் இருக்க முடியாது. நாளைக் காலை முதல் பஸ்ஸுக்குக் கிளம்பி, வக்கீல் வீட்டு வாசலில் போய் உட்கார்ந்துவிடப் போகிறேன்.